பத்திரத்தில் எழுதிய ஊர்

தெருக்களின் வரலாறு – பகுதி 11

சிகாகோ பல்கலைக்கழகத்துச் சமூகவியலாளர்கள் நகரத்தை எப்படிப் பார்த்தார்கள் என்பதைச் சென்ற இரண்டு பகுதிகளில் பேசினோம். ராபர்ட் பார்க், எர்னஸ்ட் பர்ஜெஸ் இருவரும் 1925-இல் வெளியிட்ட நூலின் சாரம் இதுதான்: காட்டில் ஒரு செடியினம் தளரும்போது வேறொன்று அந்த இடத்தில் முளைத்துப் பரவுகிறது, நகரத்துப் பேட்டைகளிலும் ஒரு கூட்டம் விலக, இன்னொரு கூட்டம் வந்து நிரம்புகிறது. இந்தக் கோட்பாட்டில் யாரும் யாரையும் விரட்டுவதில்லை. நகரம் தன்னைத் தானே அடுக்கிக்கொள்கிறது. அவர்களுக்குக் கால் நூற்றாண்டு முன்னரே, 1899-இல், சமூகவியலாளர் டுபாய்ஸ் வேறு விடை சொல்லியிருந்தார். பிலடெல்பியாவின் ஏழாவது வார்டில் வீடு வீடாக ஏறி இறங்கிய அவர், கறுப்பினத்தவர் மோசமான வீட்டுக்குக் கூடுதல் வாடகை கொடுப்பதைக் கண்டார். இதைச் செடியின் இயல்பு என்று அவரால் எழுத முடியவில்லை.

இந்த இரண்டு விடைகளில் எது சரி என்று பார்க்க, கலிஃபோர்னியாவின் வளைகுடாப் பகுதியை விடப் பொருத்தமான இடம் எனக்குத் தெரிந்து இல்லை. சிகாகோவின் கறுப்பினப் பேட்டை உருவாகப் பல பத்தாண்டுகள் ஆயின. சான் பிரான்சிஸ்கோ, ஓக்லண்ட், ரிச்மண்ட் ஆகிய ஊர்களில் அதே கதை ஒரு போர்க்காலத்துக்குள் நடந்தேறியது. எந்த வீடு யாருக்குப் போனது, யாருக்கு மறுக்கப்பட்டது, எந்த உத்தரவால் என்பதற்கெல்லாம் தேதியும் கையெழுத்தும் உள்ளன. இன்று பல்லாயிரம் தமிழ்க் குடும்பங்கள் குடியிருக்கும் மண் அது என்பது இன்னொரு காரணம்.

1940-இல் சான் பிரான்சிஸ்கோ நகரம் முழுவதிலும் இருந்த கறுப்பினத்தவர் 4,846 பேர்தான். பத்தாண்டு கழித்து எடுத்த கணக்கில் 43,460 பேர். வளைகுடாவின் வடகிழக்குக் கரையில் உள்ள ரிச்மண்டில் மாற்றம் இன்னும் திடீரென்று நடந்தது: 270 பேர் இருந்த இடத்தில் 13,374 பேர். காரணம் கப்பல். ஹென்றி கைசர் ரிச்மண்டில் அமைத்த நான்கு கப்பல் கட்டும் தளங்கள் போர் முடிவதற்குள் 747 கப்பல்களைக் கடலில் இறக்கின. 1942 நவம்பரில் ஒரு சரக்குக் கப்பலை ஐந்து நாளுக்குள் கட்டி முடித்தார்கள். இரவும் பகலும் மூன்று ஷிப்ட். ஆள் போதவில்லை. டெக்சாஸ், லூசியானா, ஆர்கன்சா, ஓக்லஹோமா பக்கத்துப் பருத்தி வயல்களிலிருந்து கறுப்பினத்தவரும் ஏழை வெள்ளையரும் ரயிலேறி வந்தார்கள். கிழக்கு டெக்சாஸில் பருத்தி எடுத்தவர் கைக்கு வராத கூலி, வெல்டிங் கற்றுக்கொண்ட சில வாரங்களில் இங்கே வந்தது.

வேலை கிடைத்தது. படுக்க இடம் கிடைக்கவில்லை.

சான் பிரான்சிஸ்கோவில் அந்த இடம் கிடைத்த விதம் கொடுமையானது. 1942 பிப்ரவரி 19 அன்று அதிபர் ரூஸ்வெல்ட் கையெழுத்திட்ட 9066-ஆம் உத்தரவின்படி மேற்குக் கரையின் ஜப்பானிய வம்சாவளியினர் எல்லோரும், அமெரிக்கக் குடிமக்களாக இருந்தாலும், முகாம்களுக்குக் கொண்டுபோகப்பட்டார்கள். ஃபில்மோர் பகுதியின் ஜப்பானியத் தெருக்கள் சில வாரங்களில் காலியாயின. வேறு பேட்டைகளில் வாடகைக்கு வீடு கிடைக்காத கறுப்பினத் தொழிலாளர்கள் அந்த வீடுகளில் குடியேறினார்கள். ஒரே அறையில் ஷிப்ட் மாற்றி மாற்றிப் படுத்தார்கள். ஒரு கூட்டம் விலக இன்னொரு கூட்டம் வந்து நிரம்புகிறது என்று பார்க் எழுதியதை மேலோட்டமாகப் பார்த்தால் இது மெய்ப்பிக்கிறது. ஆனால் விலகியவர்களை ராணுவம் ஏற்றிச் சென்றது. வந்தவர்களுக்கு மற்ற தெருக்களில் கதவு சாத்தியிருந்தது.

இந்த ஃபில்மோரைத்தான் சார்லஸ் ஜான்சன் ஆராய்ந்தார். பார்க்கின் மாணவர் அவர். 1919-ஆம் ஆண்டு சிகாகோ கலவரத்தைப் பற்றிய பெரிய ஆய்வுக்குப் பின்னால் இருந்தவர். டென்னசி மாநிலத்தின் ஃபிஸ்க் பல்கலைக்கழகத்தில் பேராசிரியர். சான் பிரான்சிஸ்கோவின் கறுப்பினப் போர்த் தொழிலாளர்கள் பற்றிய அவருடைய அறிக்கை 1944-இல் வெளிவந்தது. உள்ளூர்த் தன்னார்வலர்களைக் கொண்டே குடும்பம் குடும்பமாகக் கேள்வி கேட்டு எழுதிய ஆய்வு. போர் முடிந்ததும் இவர்கள் தெற்கே திரும்பிவிடுவார்கள் என்று நகரத்தார் நம்பிக்கொண்டிருந்த காலம் அது. திரும்பும் எண்ணம் பெரும்பாலோருக்கு இல்லை என்று அந்த அறிக்கை காட்டியது. விருந்தாளிகள் என்று நினைத்தவர்கள் குடிமக்களாக நிலைக்கப் போகிறார்கள், அவர்களுக்கு வீடு எங்கே என்ற கேள்வியை நகரத்தின் முன் முதன்முதலாக ஆதாரத்தோடு வைத்தவர் ஜான்சன். பிறகு 1940-களின் பிற்பாதியில் அதே ஃபிஸ்க் பல்கலைக்கழகத்தின் முதல் கறுப்பினத் தலைவரானார்.

அதே 1944-இல் அதே ஃபில்மோருக்கு இன்னொருவர் வந்து சேர்ந்தார். தமிழ் வாசகர்கள் அவரை அறிந்துகொள்ள வேண்டும். ஹோவர்ட் தர்மன் என்ற கறுப்பினப் போதகர், வாஷிங்டனில் நல்ல பேராசிரியர் பதவியை விட்டுவிட்டு, எல்லா இனத்தவரும் ஒன்றாக உட்காரும் ஒரு சபையை வெள்ளையரான ஆல்ஃப்ரட் ஃபிஸ்க்குடன் சேர்ந்து இங்கே தொடங்கினார். அந்த எண்ணத்துக்கு விதை விழுந்தது நம் பக்கத்தில். 1935-36-இல் அவர் இலங்கை, இந்தியா, பர்மா ஆகிய நாடுகளில் பயணம் செய்தார். கொழும்பில் சட்டம் படித்த ஒருவர் அவரை மடக்கிக் கேட்டார்: உங்கள் முன்னோரை அடிமையாக விற்றவர்களின் மதத்துக்காகப் பேச நீங்கள் எப்படி இங்கே வரலாம்? பர்தோலியில் காந்தியைச் சந்தித்தபோதும் இனமும் சாதியும் பேச்சில் வந்தன. கொழும்புக் கேள்விக்கு வாழ்நாள் முழுவதும் விடை தேடிய மனிதர், அந்த விடையைக் கட்ட ஃபில்மோரைத் தேர்ந்தார்.

கப்பல் தளத்துக்குள்ளேயே நடந்த ஆய்வும் ஒன்று உண்டு. கேத்தரின் ஆர்ச்சிபால்ட் என்ற பெண், ஓக்லண்டின் மூர் கப்பல் தளத்தில் தொழிலாளியாகவே இரண்டு ஆண்டுகள் வேலை பார்த்துக்கொண்டு குறிப்பெடுத்தார். அவருடைய நூல் 1947-இல் வந்தது. ஒரே கப்பலைக் கட்டும் கைகள், ஒரே எதிரி. இவ்வளவு இருந்தும் மனிதர்கள் ஒன்றாகவில்லை என்று அவர் கண்டார். வெள்ளைத் தொழிலாளிக்குக் கறுப்பர் மீது வெறுப்பு, ஊர்க்காரருக்கு ஓக்லஹோமாக்காரர் மீது இளக்காரம், ஆண்களுக்குப் பெண்கள் மீது எரிச்சல். கூடி வேலை செய்தால் வேற்றுமை தானே கரையும் என்று நம்புகிறவர்கள் எல்லோரும் படிக்க வேண்டிய நூல் அது. நம்மூர் ஆலைகளிலும் ஒரே தறிக்கூடத்தில் வேலை செய்தவர்கள் மாலையில் வெவ்வேறு தெருக்களுக்குத்தான் நடந்தார்கள்.

வேலையிடத்தில் தானாகக் கரையாதது ஒரு பக்கம். குடியிருப்பில் அதை அரசே கெட்டிப்படுத்தியது இன்னொரு பக்கம். ரிச்மண்டில் அரசு கட்டிய தொழிலாளர் குடியிருப்புகள் நிறவாரியாகப் பிரிக்கப்பட்டன. கறுப்பினத்தவருக்கானவை ரயில் பாதையை ஒட்டியும் தளங்களை ஒட்டியும் அவசரமாக எழுப்பியவை. வெள்ளையருக்கானவை உள்ளே தள்ளி உறுதியாகக் கட்டியவை. பக்கத்திலேயே ரோலிங்வுட் என்ற புறநகரில் டேவிட் பொஹானன் என்ற கட்டுநர் 700 வீடுகள் கட்டினார். அவற்றில் ஒன்றுகூடக் கறுப்பினத்தவருக்கு விற்கக் கூடாது என்பது அரசு விதித்த நிபந்தனை. ஒவ்வொரு வீட்டிலும் தனி வாசலோடு ஓர் அறை கூடுதலாக இருக்க வேண்டும் என்றும் அரசு சொன்னது. அதில் இன்னொரு வெள்ளைத் தொழிலாளி வாடகைக்கு இருக்கலாம். ஆயிரக்கணக்கான கறுப்பினத் தொழிலாளர்கள் படுக்க இடமின்றித் தவித்த அதே ஊரில் இந்த உத்தரவு.

அரசு இதைச் செய்த வழியை விளங்கிக்கொள்ளாமல் அமெரிக்கப் புறநகர்களின் கதை புரியாது. 1934-க்கு முன் அங்கே வீட்டுக் கடன் என்றால் விலையில் பாதியை முதலிலேயே கட்ட வேண்டும்; மீதியைச் சில ஆண்டுகளில் அடைக்க வேண்டும். சாதாரணத் தொழிலாளியால் முடியாது. அந்த ஆண்டு தொடங்கிய கூட்டாட்சி வீட்டுவசதி நிர்வாகம் வங்கிகளின் கடனுக்குத் தானே காப்புறுதி கொடுத்தது. விலையில் 80 சதவீதம் வரை கடன், அடைக்க 20 ஆண்டுகள். வீடு என்பது மாதச் சம்பளக்காரருக்கும் எட்டும் பொருளானது. ஆனால் அந்தக் காப்புறுதியை வழங்குவதற்கான விதி நூல், இனக் கலப்பு உள்ள பகுதிகளை ஆபத்தானவை என்று தரம் பிரித்தது. நகரங்களை நான்கு நிறமாகப் பிரித்த அரசு வரைபடங்களும் அதே காலத்தில் வந்தன. கறுப்பினத்தவர் வாழும் பகுதிகள் சிவப்பு. புதிய காலனி கட்டுபவர் முன்கூட்டியே மொத்தக் காலனிக்கும் அரசின் ஒப்புதலை வாங்கினால்தான் வங்கி பணம் தரும். அந்த ஒப்புதலுக்கு, கிரயப் பத்திரத்தில் வெள்ளையர் அல்லாதவருக்கு விற்பதில்லை என்ற ஷரத்து இருப்பது பெரிய தகுதி. வீட்டு வேலைக்காரராகத் தங்குவோர் மட்டும் விதிவிலக்கு என்று பல பத்திரங்களில் சேர்த்து எழுதினார்கள்.

இந்தச் சக்கரத்துக்கு எதிராக நல்ல மனிதர்கள் என்ன செய்ய முடிந்தது என்பதற்கு ஸ்டான்ஃபோர்டு பக்கத்தில் ஒரு சான்று. பின்னாளில் புலிட்சர் பரிசு பெற்ற நாவலாசிரியர் வாலஸ் ஸ்டெக்னர் போர் முடிந்த சமயத்தில் ஒரு வீட்டுவசதிக் கூட்டுறவுச் சங்கத்தில் சேர்ந்தார். பேராசிரியர்களும் தச்சர்களும் செவிலியரும் உறுப்பினர்கள். பல்கலைக்கழகத்தை அடுத்து 260 ஏக்கர் வாங்கி 400 வீடுகள் கட்டத் திட்டம். முதலில் சேர்ந்த 150 குடும்பங்களில் மூன்று கறுப்பினக் குடும்பங்கள். அந்த மூன்றுக்காக அரசு காப்புறுதி மறுத்தது, வங்கிகள் பின்வாங்கின. கறுப்பினத்தவரின் விகிதம் ஓர் அளவைத் தாண்டாது என்று சமரசம் பேசிப் பார்த்தார்கள், அதுவும் பலிக்கவில்லை. 1950-இல் நிலம் தனியாருக்குக் கைமாறியது. அந்த மூன்று குடும்பங்களுக்கு அங்கே இடமில்லை என்ற உறுதியோடு அரசின் ஒப்புதலும் வந்தது. லடேரா என்ற அந்த அழகிய ஊர் இன்றும் இருக்கிறது.

இத்தனைக்கும் 1948-இலேயே ஷெல்லி வழக்கில் அமெரிக்க உச்ச நீதிமன்றம், இத்தகைய ஷரத்துகளை நீதிமன்றங்கள் நிறைவேற்ற முடியாது என்று தீர்ப்பளித்துவிட்டது. தீர்ப்பு வந்தால் போதுமா? 1952-இல் வில்பர் கேரி என்ற கறுப்பின முன்னாள் கடற்படை வீரரின் குடும்பம் அதே ரோலிங்வுட்டில் ஒரு வீடு வாங்கிக் குடிவந்தது. 300 பேர் வாசலில் கூடினார்கள். ஜன்னலில் செங்கல் விழுந்தது, புல்வெளியில் சிலுவை எரிந்தது. காவல்துறை நாள்கணக்கில் கையைக் கட்டி நின்றது. கறுப்பினத்தவர் முன்னேற்றச் சங்கத்தாரும், எழுத்தாளர் ஜெசிகா மிட்ஃபோர்டு இருந்த இடதுசாரிக் குழுவினரும் முறைவைத்து அந்த வீட்டுக்குக் காவல் இருந்தார்கள். கேரி குடும்பம் ஓடவில்லை.

இனி மில்பிடாஸ். இந்தப் பகுதியின் உயிர் இங்கேதான்.

ரிச்மண்டில் 1931 முதல் ஃபோர்டு கார்த் தொழிற்சாலை ஒன்று இயங்கியது. 1953-இல் நிறுவனம் அதை மூடிவிட்டுத் தெற்கே ஐம்பது மைலில் உள்ள மில்பிடாஸுக்கு மாறப்போவதாக அறிவித்தது. மில்பிடாஸ் அப்போது ஒரு கிராமம். ஆலையின் 1,400 தொழிலாளர்களும் புதிய இடத்தில் வேலையைத் தொடரலாம் என்று சங்கம் பேசி வாங்கியது. அவர்களில் சுமார் 250 பேர் கறுப்பினத்தவர். செய்தி வந்ததும் மில்பிடாஸ் தன்னை ஒரு நகராட்சியாக 1954 ஜனவரியில் பதிவுசெய்துகொண்டது. அடுக்குமாடிக் குடியிருப்பு கூடாது, தனி வீடுகள் மட்டுமே என்று ஒரு விதி போட்டது. ஊரைச் சுற்றிலும் புதுப் புதுக் காலனிகள் எழுந்தன. எல்லாம் அரசுக் காப்புறுதியில், எல்லாம் வெள்ளையருக்கு. வேலை போகிற இடத்துக்கு 250 பேரும் போகலாம். வீடுதான் வாங்க முடியாது.

ஐக்கிய வாகனத் தொழிலாளர் சங்கத்தின் 560-ஆம் கிளை, தன் வீட்டுவசதிக் குழுவைப் பென் கிராஸ் என்பவரிடம் ஒப்படைத்தது. ஆர்கன்சாவிலிருந்து வந்த கறுப்பினத் தொழிலாளி. குவேக்கர் சமயத்தாரின் அமெரிக்க நண்பர்கள் சேவைக் குழு துணைக்கு வந்தது. நிறம் பார்க்காமல் விற்கும் ஒரு கட்டுநரைக் கண்டுபிடித்தால் போதும் என்று நினைத்துத் தேடினார்கள். கட்டுநர்கள் கிடைத்தார்கள். ஓரிடத்தில், அனுமதி என்றைக்குமே வராது என்று அதிகாரிகள் சொல்லிவிட்டார்கள். இன்னோர் ஊரில், கலப்புக் குடியிருப்பு என்று தெரிந்த கையோடு குறைந்தபட்ச மனை அளவை 6,000 சதுர அடியிலிருந்து 8,000-க்கு உயர்த்தினார்கள். தொழிலாளிக்குக் கட்டுப்படியாகாத விலை. மற்றோர் இடத்தில், விஷயம் தெரிந்ததும் நிலத்தை விற்பதாகச் சொன்னவர் பேச்சு மாறினார்.

கடைசியில் மில்பிடாஸிலேயே ஒரு நிலம் அமைந்தது. அதை ஒட்டிய நிலத்தில் ரோலிங்வுட் கட்டிய அதே பொஹானன், சன்னிஹில்ஸ் என்ற பெயரில் வெள்ளையருக்கு மட்டுமான காலனி எழுப்பிக்கொண்டிருந்தார். இப்போது சாக்கடை வந்தது குறுக்கே. கழிவுநீர் வாரியம் இந்தப் புதிய குடியிருப்புக்கான இணைப்புக் கட்டணத்தைப் பத்து மடங்குக்கும் மேல் ஏற்றியது. வழக்கு, எதிர்வழக்கு. ஒருவரும் "கறுப்பர் வரக்கூடாது" என்று சொல்லவில்லை. மனை அளவு பேசினார்கள், குழாயின் கொள்ளளவு பேசினார்கள். எங்கள் கிராமங்களில் பொதுக் கிணற்றுக்கும் பொதுப் பாதைக்கும் சொல்லப்பட்ட காரணங்களைக் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த மொழி நன்றாகப் பழக்கம்.

சங்கம் தளரவில்லை. பொஹானனின் வீடுகளை வாங்க வேண்டாம் என்று பிரசாரம் செய்தது. மாநிலத்தின் தலைமை வழக்கறிஞர் வரை புகார் போனது. சலித்துப்போன பொஹானன் தன் காலனியையே விற்றுவிட்டு விலகினார். இரண்டு நிலங்களும் சேர்ந்து சன்னிஹில்ஸ் ஒரே குடியிருப்பானது. யார் பணம் கொடுத்தாலும் வீடு. திட்டமிட்டே எல்லா இனத்தவருக்குமாகக் கட்டி அமெரிக்காவில் முதன்முதலில் எழுந்த சில காலனிகளில் ஒன்று அது. பென் கிராஸ் அங்கே குடியேறினார். 1961-இல் நகராட்சி உறுப்பினர். 1966-இல் மில்பிடாஸ் மேயர். வெள்ளையர் பெரும்பான்மையாக வாழ்ந்த ஊர் ஒரு கறுப்பினத் தொழிலாளியை மேயராக்கியது என்று நாடெங்கும் பேசப்பட்டது.

இதை எழுதும்போது எனக்குச் சமத்துவபுரம் நினைவுக்கு வருகிறது. 1998-இல் மதுரை மாவட்டம் மேலக்கோட்டையில் முதல் பெரியார் நினைவு சமத்துவபுரம் திறந்தபோது, நூறு வீடுகளில் 40 ஆதிதிராவிடருக்கு, 25 பிற்படுத்தப்பட்டோருக்கு, 25 மிகவும் பிற்படுத்தப்பட்டோருக்கு, 10 மற்றவருக்கு என்று அரசே பங்கு வகுத்து மனிதர்களை அடுத்தடுத்துக் குடிவைத்தது. அங்கே தயங்கியது சமூகம், முன்னே போனது அரசு. மில்பிடாஸில் தலைகீழ். பிரித்துவைக்கத் தன் பணத்தையும் முத்திரையையும் அரசு கொடுத்தது. சேர்த்துவைக்கத் தொழிலாளர்கள் தங்கள் சந்தாவையும் பிடிவாதத்தையும் கொடுத்தார்கள்.

வெற்றிக்கு ஒரு குறையும் உண்டு, மறைக்கக் கூடாது. இழுத்தடித்த காலத்தில் வீட்டு விலை ஏறிவிட்டது. 250 பேரில் மிகச் சிலரால்தான் சன்னிஹில்ஸில் வாங்க முடிந்தது. ரிச்சர்ட் ராத்ஸ்டைன் 2017-இல் எழுதிய 'தி கலர் ஆஃப் லா' என்ற நூல், ரிச்மண்டிலிருந்து வேறு எட்டுப் பேரோடு ஒரே வேனில், ஒவ்வொரு வழிக்கும் ஒரு மணி நேரத்துக்கு மேல், ஓய்வுபெறும்வரை இருபது ஆண்டுகள் மில்பிடாஸுக்குப் போய்வந்த ஒரு தொழிலாளியின் வாழ்க்கையைச் சொல்கிறது. அந்த ஆலை 1983-இல் மூடியது. 1994-இல் அதே கூரையின் கீழ் கிரேட் மால் திறந்தது. சனிக்கிழமைகளில் நம்மவர்கள் பிள்ளைகளோடு நடக்கும் அந்தக் கடைத்தெரு, கார் கோத்த கூடம்.

மில்பிடாஸுக்கு நேர் எதிரான திசையில் போனது கிழக்கு பாலோ ஆல்டோ. அங்கே 1954-இல் ஒருவர் கறுப்பினக் குடும்பத்துக்கு வீட்டை விற்றார். மாநில ரியல் எஸ்டேட் சங்கத் தலைவர் ஃப்ளாய்ட் லோ உடனே அந்த ஊரில் அலுவலகம் திறந்து, விலை சரியப்போகிறது, சீக்கிரம் விற்றுவிடுங்கள் என்று வெள்ளையரைப் பயமுறுத்தினார். தரகர்கள் மலிவாக வாங்கிக் கறுப்பினத்தவருக்குக் கூடுதல் விலைக்கு விற்றார்கள். ஆறே ஆண்டுகளில் மக்கள்தொகையில் 82 சதவீதம் கறுப்பினத்தவர். 1958-இல் அந்தப் பகுதியின் நடுவிலேயே தனியாக ஓர் உயர்நிலைப் பள்ளி கட்டியதில், பிள்ளைகளும் பிரிந்தார்கள். பார்க் கண்ட செடிகளின் இயல்பை இங்கே ஒரு தரகர் அலுவலகம் நடத்தியது.

1963-இல் பெர்க்லியின் கறுப்பினச் சட்டமன்ற உறுப்பினர் பைரன் ரம்ஃபோர்டு, வீடு விற்பதில் பாகுபாட்டைத் தடுக்கும் சட்டம் கொண்டுவந்தார். மறு ஆண்டே கலிஃபோர்னியா வாக்காளர்களில் சுமார் மூன்றில் இரண்டு பங்கினர் வாக்களித்து அதை முடக்கினார்கள். 1967-இல் உச்ச நீதிமன்றம் அந்த முடக்கத்தை ரத்துசெய்தது. 1968 ஏப்ரலில், மார்ட்டின் லூதர் கிங் கொல்லப்பட்ட சில நாள்களில், நாடு முழுவதற்குமான வீட்டுவசதி உரிமைச் சட்டம் நிறைவேறியது.

நம்மவர் இந்தக் கதைக்குள் வருவது பிற்பாடுதான் என்று பலர் நினைக்கிறார்கள். ஆனால் 1915-இலேயே பெஷாவரிலிருந்து வைஷ்ணோ தாஸ் பகாய், மனைவி கலா, மூன்று மகன்களோடு சான் பிரான்சிஸ்கோவில் இறங்கினார். பெர்க்லியில் வீடு வாங்கினார். தட்டுமுட்டுச் சாமான்களோடு அவர்கள் வந்து சேர்ந்தபோது, அக்கம்பக்கத்தார் அந்த வீட்டைப் பூட்டி வைத்திருந்தார்கள். இந்தத் தெருவில் வாழ எனக்கு விருப்பமில்லை என்று கலா சொல்லிவிட்டார். 1923-இல் பகத் சிங் திண்ட் வழக்கில் இந்தியர்கள் வெள்ளையர் அல்லர், குடியுரிமைக்குத் தகுதியற்றவர் என்று உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. பகாயின் குடியுரிமை பறிபோனது. நாடற்றவராகி, கடையையும் இழந்து, 1928-இல் அவர் உயிரை மாய்த்துக்கொண்டார். கலா தனியாகப் பிள்ளைகளை வளர்த்து ஆளாக்கினார். அவர் குடிபுகாத பெர்க்லியில் இன்று ஒரு தெருவுக்கு அவர் பெயர்.

பகாய் குடும்பத்துக்கும் இன்றைய தமிழ்க் குடும்பத்துக்கும் நடுவில் என்ன மாறியது? கல்வியும் உழைப்பும் பகாயிடமும் இருந்தன. கையில் பணத்தோடுதான் வந்தார். மாறியது சட்டம். 1965-இன் குடியேற்றச் சட்டம் ஆசியர்களுக்கு வாசல் திறந்தது, கறுப்பினத்தவரின் உரிமைப் போராட்டம் உச்சத்தில் இருந்த வருடங்களில். நாட்டுக்குள் வந்தவர்களுக்குத் தெருக்களைத் திறந்தது ரம்ஃபோர்டின் சட்டமும் 1968-இன் சட்டமும். லிவர்மோர் சிவா-விஷ்ணு கோவிலுக்கு 1986-இல் குடமுழுக்கு நடந்தது. கலிஃபோர்னியா தமிழ் அகாடமி 1998-இல் பிள்ளைகளுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுக்கத் தொடங்கியது. ஃப்ரீமாண்ட், சன்னிவேல், கூப்பர்டினோ, மில்பிடாஸ் என்று நம்மவர் வீடு வாங்கிய ஊர்ப் பட்டியலில் ஒவ்வொன்றுக்கும் இந்தப் போராட்டத்தின் கடன் இருக்கிறது. நம் சங்க விழாக்களில் பென் கிராஸின் பெயரை யாரும் சொல்லி நான் கேட்டதில்லை. சொல்ல வேண்டும்.

சமூகவியலாளர்கள் இப்போது நம்மையும் எழுதத் தொடங்கிவிட்டார்கள். வில்லோ லங்-அமாம் 2017-இல் வெளியிட்ட நூல் ஃப்ரீமாண்ட்டைப் பற்றியது. மிஷன் சான் ஹோசே உயர்நிலைப் பள்ளியை நாடி ஆசியர்கள் வந்து சேர்ந்ததும், படிப்பில் போட்டி மிதமிஞ்சிப் போயிற்று என்று வெள்ளைக் குடும்பங்கள் விலகியதும், வந்தவர்கள் கட்டிய பெரிய வீடுகளுக்கு எதிராக ஊரில் கட்டட விதிகள் பேசப்பட்டதும் அதில் உண்டு. கூப்பர்டினோ பள்ளிகளிலிருந்து வெள்ளையர் விலகுவதை 2005-இலேயே வால் ஸ்ட்ரீட் ஜர்னல் எழுதியது. மனை அளவு, கூரை உயரம், பள்ளியின் எல்லைக்கோடு: 1954-இல் பேசிய மொழி இன்னும் பேசப்படுகிறது. இம்முறை நாம் இரண்டு பக்கமும் நிற்கிறோம். பள்ளியின் தர மதிப்பெண்ணைப் பார்த்து ஊரைத் தேர்ந்தெடுக்கும்போது, யார் வாழாத ஊரைத் தேடுகிறோம் என்பதையும் அந்த மதிப்பெண் கூடவே சொல்லிவிடுகிறது. மில்பிடாஸில் இன்று பத்தில் ஏழு பேர் ஆசிய வம்சாவளியினர். கறுப்பினத்தவர் நூற்றுக்கு இரண்டு மூன்று பேர். சன்னிஹில்ஸின் கதவை உடைத்தவர்களின் பேரப்பிள்ளைகளுக்கு அந்த ஊரின் விலை எட்டவில்லை. 1950-களில் வாங்கியிருந்தால் அந்த வீடே பரம்பரைச் சொத்தாகியிருக்கும். அப்போது வாங்க விடவில்லை.

பழைய பத்திரங்கள் இன்னும் பதிவு அலுவலகங்களில்தான் இருக்கின்றன. செல்லாத ஷரத்துகளைத் தேடி மறைக்கும்படி கலிஃபோர்னியாவின் சட்டம் ஒன்று மாவட்டங்களுக்கு உத்தரவிட்டுள்ளது. சான்டா கிளாரா மாவட்டத்தின் பதிவேடுகள் பல கோடிப் பக்கங்கள். கண்ணால் படித்து முடியாது. ஸ்டான்ஃபோர்டு ஆய்வாளர்கள் செயற்கை நுண்ணறிவு மொழி மாதிரி ஒன்றைப் பழக்கி அவற்றைப் படிக்கவைத்தார்கள். 2024-இல் வந்த முடிவின்படி சுமார் 7,500 இன ஷரத்துகள் அகப்பட்டன. 1950-ஆம் ஆண்டு நிலவரப்படி அம்மாவட்டத்து வீடுகளில் நான்கில் ஒன்று அத்தகைய ஷரத்துக்கு உட்பட்டிருந்ததாகக் கணக்கிடுகிறார்கள். அவற்றில் மூன்றில் ஒரு பங்கைப் பத்தே கட்டுநர்கள் எழுதியிருக்கிறார்கள். அதாவது, விரல் விட்டு எண்ணக்கூடியவர்கள் ஒரு மாவட்டத்தின் முகத்தை முடிவுசெய்தார்கள். சான் ஹோசே நகராட்சியே ஒரு காலத்தில் தனக்குச் சொந்தமாயிருந்த ஓக் ஹில் இடுகாட்டில், வெள்ளையருக்கு மட்டும் என்று புதைகுழிப் பத்திரம் கொடுத்திருந்ததும் இந்தத் தேடலில் வெளிவந்தது. சாதிக்கொரு சுடுகாடும், பிணத்துக்கு வழிவிடாத பாதையும் உள்ள மாநிலத்திலிருந்து போனவர்களுக்கு இதை யாரும் விளக்கிச் சொல்ல வேண்டியதில்லை.

ஃபில்மோரைப் பாதியில் விட்டுவிட்டோம். சார்லஸ் ஜான்சன் கணக்கெடுத்த அந்தத் தெருக்கள் 1948-இல் சீரழிந்த பகுதியாக அறிவிக்கப்பட்டன. ஜஸ்டின் ஹெர்மன் தலைமையிலான மறுசீரமைப்பு நிறுவனம் ஆயிரக்கணக்கான வீடுகளை இடித்தது. குடியிருந்தவர்கள் சங்கம் அமைத்து வழக்குத் தொடுத்து, 1968-இல் கூட்டாட்சி நீதிமன்றத்தில் தடையும் வாங்கினார்கள். புல்டோசரை நிறுத்திய அந்தச் சில மாதங்களும், பிறகு நடந்ததும் அடுத்த பகுதியில்.

(தொடரும்)